கையகப்பட்ட நிலமும் கைக்கு வராத கிரயமும்

 

தாம்பரத்தையடுத்த ஒரு பள்ளிவாசலில் ஜும்ஆ முடிந்து கூட்டம் கலைந்த பிறகு, ஒரு பெரியவர் மஞ்சள் பை ஒன்றை மடியில் வைத்துக்கொண்டு ஹவ்ளின் ஓரமாக உட்கார்ந்திருந்தார். பைக்குள் பட்டா, சிட்டா, அடங்கல் நகல்கள், தாய்ப் பத்திரம், வில்லங்கச் சான்று, அரசாங்கத்திலிருந்து பல ஆண்டுகளாக வந்து சேர்ந்த நோட்டீசுகள் எல்லாம் இருந்தன. மடித்த இடங்களில் காகிதம் கிழிந்து, செலோடேப் ஒட்டப்பட்டிருந்தது.

"ஹஜ்ரத், ஒரு மஸ்அலா கேக்கணும்" என்றார். "சொல்லுங்க பாய்" என்றோம்.

விஷயம் இதுதான். அவருடைய அத்தா உயிரோடிருந்த காலத்தில் அவர்களின் விளைநிலம் சாலைக்காக எடுக்கப்பட்டது. அதிகாரிகள் நிர்ணயித்த தொகை மிகக் குறைவென்று ஆட்சேபித்து, சப்-கோர்ட்டுக்கு அனுப்பக் கேட்டுக்கொண்டார்கள். அத்தா மவுத்தாகி ஆண்டுகள் பல சென்றுவிட்டன. வாய்தா மேல் வாய்தாவாக ஓடி, இப்பொழுதுதான் கோர்ட்டில் தொகை கூடியிருக்கிறது. பணம் இன்னும் கைக்கு வரவில்லை. வரப்போகும் பணத்தில் வட்டி என்று ஒரு பகுதி இருக்கிறதே, அது ஆகுமா? கைக்கு வராத இத்தனை ஆண்டுகளுக்கும் ஜகாத் உண்டா? இவை இரண்டும் அவருடைய கேள்விகள்.

நாம் வேறொன்றைக் கேட்டோம். "கூடப் பிறந்தவங்க எத்தனை பேர் பாய்?"

"நானும் எங்க அண்ணனும். ரெண்டே பேர் ஹஜ்ரத்."

சற்றுப் பொறுத்து, தாமாகவே, "ஒரு தங்கச்சி இருக்கு. வந்தவாசியில கட்டிக்குடுத்தாச்சு" என்றார்.

இந்தக் கட்டுரையை எழுதத் தூண்டியது அந்தக் கடைசி வாக்கியமேயாகும். ஆனால் அதற்கு வருமுன், நிலத்தை எடுப்பது பற்றியும் கிரயத்தைத் தாமதிப்பது பற்றியும் நம் மார்க்கம் என்ன சொல்கிறது என்பதைப் பார்த்துவிடுவோம்.

நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் மதீனா வந்தடைந்ததும் பள்ளிவாசல் கட்ட எண்ணிய இடம், ஸஹ்ல், ஸுஹைல் என்ற இரு அநாதைச் சிறுவர்களுக்குச் சொந்தமான, பேரீச்சம்பழம் உலர்த்தும் களமாக இருந்தது. சிறுவர்கள் அதை இலவசமாகவே தர முன்வந்தார்கள். ஊரே பின்னால் நின்ற நேரம் அது. கட்டப்போவதும் அல்லாஹ்வின் இல்லம். ஆயினும் பெருமானார் (ஸல்) அவர்கள் இலவசமாக ஏற்க மறுத்து விலைக்கே வாங்கினார்கள். பத்து தீனார் கிரயம் என்றும், அதை அபூபக்ர் (ரலி) அவர்கள் கொடுத்தார்களென்றும் வரலாற்றாசிரியர்கள் எழுதியுள்ளனர். பொதுநன்மை என்ற பெயர் கிரயத்தைத் தள்ளுபடி செய்துவிடாது என்பதற்கு இதைவிட வேறென்ன சான்று வேண்டும்!

கலீஃபா உமர் (ரலி) அவர்கள் ஹிஜ்ரி 17-ஆம் ஆண்டில் மக்காவின் ஹரம் ஷரீஃபை விரிவுபடுத்தியபோது சுற்றியிருந்த வீடுகளை விலைக்கு வாங்கினார்கள். சிலர் விற்க மறுத்தனர். அவ்வீடுகளும் எடுக்கப்பட்டன, ஆனால் அவற்றின் கிரயம் மதிப்பிடப்பட்டு, உரியவர்கள் வந்து பெற்றுக்கொள்ளும்வரை கஅபாவின் கருவூலத்தில் வைக்கப்பட்டிருந்தது. பணத்தை வாங்க மறுப்பவர்களின் தொகையையோ, உரிமைத் தகராறுள்ள தொகையையோ கோர்ட்டில் கட்டி வைக்க வேண்டுமென்று இந்நாட்டின் 1894-ஆம் ஆண்டு நில ஆர்ஜிதச் சட்டத்தின் 31-ஆவது பிரிவு சொல்லிற்று. அந்த நியாயத்தை உமர் (ரலி) அவர்கள் பன்னிரண்டு நூற்றாண்டுகளுக்கு முன்பே நடைமுறையில் காட்டிவிட்டார்கள்.

அதே உமர் (ரலி) அவர்கள் மதீனாப் பள்ளியை விரிக்க அப்பாஸ் (ரலி) அவர்களின் வீட்டைக் கேட்டபோது, அவர்கள் தர மறுத்தார்கள். வழக்கு உபை இப்னு கஅப் (ரலி) அவர்களிடம் போயிற்று. தீர்ப்பு, ஆளும் கலீஃபாவுக்கு எதிராக, வீட்டுக்காரருக்குச் சாதகமாக வந்தது. உமர் (ரலி) அவர்கள் அதற்குக் கட்டுப்பட்டார்கள். உரிமை நிலைநாட்டப்பட்ட பிறகு, அப்பாஸ் (ரலி) அவர்கள் தாமாகவே அந்த இடத்தை முஸ்லிம்களுக்கு அன்பளிப்பாகக் கொடுத்துவிட்டார்கள் என்று அறிவிக்கப்பட்டுள்ளது. கேட்டுப் பெறுவதற்கும் பறித்துக்கொள்வதற்கும் உள்ள தூரத்தை இச்சம்பவம் காட்டுகிறதல்லவா?

பிற்காலத்தில், 1869 முதல் 1876 வரை உதுமானியப் பேரரசில் ஹனபி ஃபிக்ஹின் அடிப்படையில் தொகுக்கப்பட்ட 'மஜல்லா' என்னும் சட்டத் தொகுப்பின் 1216-ஆவது விதி இதைத் தெளிவாகவே வைத்தது. தேவை ஏற்பட்டால் ஒருவரின் சொத்தை அதன் மதிப்பைக் கொடுத்துப் பொதுப் பாதையில் சேர்க்கலாம். ஆனால் கிரயம் கொடுபடாதவரை சொத்து அவர் கையிலிருந்து எடுக்கப்படலாகாது என்பது அதன் கருத்து. 1988 பிப்ரவரியில் ஜித்தாவில் கூடிய சர்வதேச இஸ்லாமிய ஃபிக்ஹு அகாடமியும், நியாயமான கிரயத்தை உடனடியாகக் கொடுப்பதை ஒரு நிபந்தனையாக வைத்தே பொதுநலனுக்காக நிலமெடுப்பதை அனுமதித்தது.

வசதியுள்ளவன் கொடுக்க வேண்டியதை இழுத்தடிப்பது அநீதி என்று பெருமானார் (ஸல்) அவர்கள் எச்சரித்துள்ளார்கள். அரசாங்கத்தைவிட வசதியுள்ளவர் யார்? பாதை போட்டாகிவிட்டது, அதன்மேல் பஸ்ஸும் லாரியும் ஓடுகின்றன, ஓரத்தில் கடைகள் எழும்பிவிட்டன. நிலத்தைக் கொடுத்தவன் மட்டும் நோட்டீசைக் கையில் வைத்துக்கொண்டு அலுவலக வராந்தாவில் நிற்கிறான் என்றால், அது தாமதம் மட்டுமல்ல.

இந்த அநீதியை நாட்டின் நீதிமன்றங்களும் உணராமலில்லை. ஹிமாசலப் பிரதேசத்தின் ஹமீர்பூர் மாவட்டத்தில் எழுத்தறிவற்ற ஒரு விதவையின் நிலம் 1967-68-இல் சாலைக்காக எடுக்கப்பட்டு, ஒரு காசும் கொடுக்கப்படவில்லை. 2020 ஜனவரி 8-ஆம் தேதி சுப்ரீம் கோர்ட் அவருக்கு நஷ்ட ஈடு தரச்சொல்லி உத்தரவிட்டபோது அவருக்கு வயது 80. சொத்து என்பது 1978-இன் 44-ஆவது திருத்தத்திற்குப் பிறகு அடிப்படை உரிமையாக இல்லாவிட்டாலும், 300-ஏ பிரிவின்கீழ் அரசியல் சட்ட உரிமையே. சட்டப்படியல்லாது எவர் சொத்தையும் அரசு எடுக்க முடியாது என்பதைக் கோர்ட் அழுத்திச் சொல்லிற்று. பெங்களூர் - மைசூர் சாலைத் திட்டத்தில் 2003-இல் அறிவிப்பு வந்து, 2005-இல் நிலம் எடுக்கப்பட்டு, 2019-இல்தான் தொகை நிர்ணயமாயிற்று. அந்தத் தாமதத்தின் பாரத்தை நிலக்காரர் தலையில் வைக்கலாகாதென்று, 2019-ஆம் ஆண்டின் விலையையே கணக்கிடும்படி 2025 ஜனவரி 2-இல் அதே கோர்ட் தீர்ப்பளித்தது.

நம் பகுதிக்கே வருவோம். பறக்கும் ரயில் 2007 நவம்பரில் வேளச்சேரி வரை வந்துவிட்டது. அங்கிருந்து பரங்கிமலைக்கு ஏறத்தாழ ஐந்து கிலோமீட்டர்தான். தூண்கள் எழும்பின, பாலமும் வந்தது. ஆதம்பாக்கம் பக்கத்தில் சுமார் 500 மீட்டர் நிலத்திற்கான நஷ்ட ஈட்டுத் தகராறு கோர்ட்டுக்குப் போக, வானத்தில் பாதி வழியில் அறுந்து நின்ற அந்தப் பாலத்தை எத்தனையோ ஆண்டுகள் நாமெல்லாரும் பார்த்துக்கொண்டே கடந்து போனோம். வழக்கு முடிந்த பிறகே பணி மறுபடி நடந்தது. உரியவருக்கு உரியதைக் காலத்தில் கொடாமற்போனால் எடுத்தவருக்கும் பயனில்லை என்பதற்கு அந்தத் தூண்கள் சாட்சியாக நின்றன.

சரி, நிலத்தைக் கொடுத்தவர் என்ன செய்ய வேண்டும்? 'எல்லாம் அல்லாஹ் பார்த்துக்கொள்வான்' என்று நோட்டீசைப் பெட்டியில் போட்டுப் பூட்டிவிடுவது தவக்குல் ஆகாது. ஒட்டகத்தைக் கட்டிய பிறகே தவக்குல் வைக்கும்படி கற்பிக்கப்பட்ட சமுதாயம் நாம். பொறுமை வேறு, அசட்டை வேறு. நில ஆர்ஜித வழக்குகளில் அசட்டையாக இருந்தவர் இழந்தது கொஞ்சமல்ல. அவார்டு தொகையை வாங்கும்போது 'ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்' என்று எழுதிக் கையெழுத்திடாதவர், அதிகத் தொகை கேட்டுக் கோர்ட்டுக்குப் போகும் உரிமையை இழந்துவிடுவார். 1894 சட்டத்திலும் அப்படித்தான். 2014 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த புதிய சட்டத்திலும் அப்படித்தான். அவார்டு நாளில் நேரில் ஆஜராகியிருந்தால் ஆறு வாரத்திற்குள் மனுக் கொடுக்க வேண்டும். இல்லையெனில் நோட்டீசு கிடைத்து ஆறு வாரம், அல்லது அவார்டிலிருந்து ஆறு மாதம், எது முந்துகிறதோ அதற்குள். பக்கத்து நிலக்காரருக்குக் கோர்ட்டில் தொகை கூடினால், மனுச் செய்யாதிருந்தவரும் மூன்று மாதத்திற்குள் அதே விகிதத்தைக் கேட்கலாம். தேசிய நெடுஞ்சாலைக்கு எடுத்தால் வழி வேறு. அங்கே நடுவரிடம் போக வேண்டும். 1997 முதல் 2015 வரை அவ்விதம் நிலம் கொடுத்தவர்களுக்கு மறுக்கப்பட்டிருந்த ஆறுதல் தொகையும் வட்டியும் உண்டென்று 2019-இல் சுப்ரீம் கோர்ட் தீர்ப்பளித்து, 2025 பிப்ரவரியில் அதை மீண்டும் உறுதிப்படுத்தியிருக்கிறது. ஜி.எஸ்.டி. சாலை ஓரத்துக் குடும்பங்கள் தங்கள் பழைய காகிதங்களை எடுத்து ஒரு நல்ல வக்கீலிடம் காட்டுவது வீண்வேலையாகாது.

தரகர்களைப் பற்றி ஒரு வார்த்தை. 'செக்கை நான் வாங்கித் தருகிறேன், இத்தனை சதம் கொடுங்கள், மேலே கொடுக்க வேண்டும்' என்று வருவார்கள். லஞ்சம் கொடுப்பவரும் வாங்குபவரும் சாபத்திற்குரியவர்கள் என்பதை நாம் அறிவோம். தன் சொந்த ஹக்கைப் பெற வேறு வழியே இல்லாதபோது நிர்ப்பந்தத்தால் கொடுப்பவரின் மீது குற்றமில்லை, வாங்குபவரின் மீதே குற்றம் என்று ஃபுகஹாக்கள் எழுதியிருப்பது உண்மை. ஆனால் அந்தச் சலுகை நிர்ப்பந்தத்திற்குரியது. அவசரத்திற்காகவும், அடுத்தவரின் ஃபைலைப் பின்னுக்குத் தள்ளித் தன் ஃபைலை முன்னுக்கு நகர்த்துவதற்காகவும் கொடுப்பவர் அந்தச் சலுகையில் ஒண்டிக்கொள்ள முடியாது.

இனி பெரியவரின் இரு கேள்விகள். அவரிடமிருந்த கணக்குத் தாளில் நான்கு இனங்கள் இருந்தன. நிலத்தின் சந்தை மதிப்பு ஒன்று. விருப்பமின்றி எடுத்ததற்கான ஆறுதல் தொகை மற்றொன்று. இது 1984 திருத்தத்தில் 15 சதவீதத்திலிருந்து 30 ஆக்கப்பட்டு, 2013 சட்டத்தில் 100 சதவீதமாயிற்று. மூன்றாவது, அறிவிப்பு நாளிலிருந்து விலை ஏறியதற்காக ஆண்டுக்கு 12 சதவீதம் வீதம் கூட்டித் தரும் தொகை. நான்காவதுதான் வட்டி: நிலத்தை எடுத்து முதல் ஓராண்டுக்கு 9 சதவீதம், அதற்குமேல் 15 சதவீதம். முதல் மூன்றும் நிலத்தின் கிரயத்தைச் சேர்ந்தவை, அவற்றில் ஐயமில்லை. நான்காவதைப் பற்றி ஆலிம்களிடையே இரு நோக்குகள் சொல்லப்படுகின்றன. நிலத்தின் பலனை அனுபவிக்கவிடாமல் தடுத்ததற்கான ஈடாகச் சிலர் அதைக் கருதுகின்றனர். கடனின் மீது காலத்திற்காகக் கூடுவது எப்பெயரிலிருந்தாலும் ரிபாவே என்பர் மற்றவர். பேணுதலான வழி, அதை அரசிடமே விட்டுவிடாமல் வாங்கி, தனியே வைத்து, நன்மையை நாடாமல் ஏழைகளுக்குக் கொடுத்துவிடுவதேயாகும் என்பது நம் கருத்து. இருப்பினும் அந்தத் தாளையே எடுத்துச் சென்று முஃப்தி ஒருவரிடம் ஃபத்வா பெற்றுக்கொள்ளும்படி அவரிடம் சொன்னோம்.

ஜகாத் பற்றி விரிக்கவில்லை. கிடைக்கும் நம்பிக்கையற்றுப்போன பொருளுக்குக் கடந்த ஆண்டுகளின் ஜகாத் இல்லையென்பது ஹனபி நூல்களிலுள்ளது. கைக்கு வந்தபின் கடந்த ஆண்டுகளுக்கும் சேர்த்துக் கொடுக்க வேண்டுமென்பது ஷாபிஈ மத்ஹபின் பிரபலமான கூற்று. அரசு தொகையை நிச்சயித்துவிட்ட பணம் வேறு, கோர்ட் கூட்டுமோ கூட்டாதோ என்றிருந்த பணம் வேறு. ஆகவே அவரவர் மத்ஹபின் ஆலிமிடம் தேதிகளோடு சொல்லிக் கேட்க வேண்டிய மஸ்அலா இது.

இப்பொழுது வந்தவாசித் தங்கைக்கு வருவோம்.

உஹதுப் போரில் ஷஹீதான ஸஅத் இப்னு ரபீஃ (ரலி) அவர்களின் மனைவி, தம் இரு பெண்மக்களையும் அழைத்துக்கொண்டு நபிகள் நாயகம் (ஸல்) அவர்களிடம் வந்தார். பிள்ளைகளின் சிறிய தந்தை சொத்து முழுவதையும் எடுத்துக்கொண்டார், பொருளில்லாமல் இவர்களுக்குத் திருமணம் எப்படி நடக்கும் என்று முறையிட்டார். சொத்துப் பங்கீட்டின் ஆயத்து இறங்கிற்று. பெருமானார் (ஸல்) அவர்கள் அந்தச் சிறிய தந்தையை வரவழைத்து, மூன்றில் இரு பங்கைப் பெண்மக்களுக்கும், எட்டில் ஒரு பங்கை அவர்களின் தாயாருக்கும் கொடுத்துவிட்டு, எஞ்சியதை எடுத்துக்கொள்ளும்படி உத்தரவிட்டார்கள். அநீதி இழைத்தவர் வெளியாளல்ல, சொந்த இரத்தம் என்பதைக் கவனியுங்கள்.

அரசு நம் நிலத்தைப் பல்லாண்டு கிரயமின்றி வைத்திருந்தால் 'அநியாயம்' என்று கூவுகிறோம். அதே ஆண்டுகள் முழுவதும் தங்கையின் பங்கை நாம் வைத்திருந்தோமானால் அதற்குப் பெயரென்ன? சாண் நிலத்தை அநியாயமாக அபகரித்தவர் ஏழு பூமிகளைக் கழுத்தில் சுமப்பார் என்ற எச்சரிக்கை சர்க்காருக்கு மட்டும் சொல்லப்பட்டதன்று. 'கல்யாணத்துக்கு நகை போட்டோமே' என்பார்கள். நகை அத்தாவின் அன்பளிப்பு. பங்கு அல்லாஹ் விதித்தது. ஒன்று மற்றொன்றுக்குக் கழிவாகாது. 'அவளே வேண்டாமென்று சொல்லிவிட்டாள்' என்பதும் உண்டு. தொகை எவ்வளவென்று அவளுக்குச் சொல்லப்பட்டதா? அது அவள் கைக்கு வந்த பிறகு, அப்பாஸ் (ரலி) அவர்கள் கொடுத்ததுபோல் மனமுவந்து கொடுத்தாளா? அல்லது அண்ணன் வீட்டு வாசல் அடைபட்டுவிடுமே என்ற அச்சத்தில் சொன்னாளா?

விளைநிலத்தில் பெண்ணுக்குப் பங்கில்லை என்று இன்னும் சிலர் நம்புகிறார்கள். 1937-ஆம் ஆண்டு ஷரீஅத் சட்டம் விவசாய நிலத்தை விலக்கி வைத்திருந்தது உண்மை. ஆனால் சென்னை மாகாணத்தில் 1949-லேயே திருத்தம் செய்து அந்த விலக்கு நீக்கப்பட்டுவிட்டது. ஆகவே தமிழகத்தில் மார்க்கமும் நாட்டுச் சட்டமும் இதில் ஒரே பக்கமே நிற்கின்றன.

நடைமுறையிலும் இதனால் துன்பமே வருகிறது. பெண்மக்கள் பெயரை விட்டுவிட்டு வாரிசுச் சான்று வாங்கி மனுக் கொடுக்கிறார்கள். எப்பொழுதோ ஒரு நாள் தங்கையோ அவள் மகனோ ஆட்சேபணை எழுதிக் கொடுக்க, உரிமைத் தகராறு என்று தொகை கோர்ட்டில் கட்டப்படுகிறது. அதன்பின் அது எத்தனை காலம் கிடக்குமென்று யாரறிவார்? தாமதத்தில் ஒரு பாதி சர்க்கார் செய்தது என்றால், மறு பாதி நாமே செய்துகொண்டதாக இருக்கிறது.

பெரியவரின் தாயார் அல்லாஹ்வின் கிருபையால் இன்னும் இருக்கிறார். வட்டியை நீக்கி 40 இலட்ச ரூபாய் வருகிறதென்று வைத்துக்கொண்டு, அவர் பையிலிருந்த நோட்டீசு ஒன்றின் பின்புறத்திலேயே கணக்குப் போட்டோம். அத்தாவுக்குக் கடனோ வஸிய்யத்தோ இல்லையென்றார். தாயாருக்கு எட்டில் ஒன்று, 5 இலட்சம். எஞ்சிய 35 இலட்சத்தை ஐந்தாக்கி, ஆண்மக்கள் இருவருக்கும் இரண்டிரண்டு பங்கு, ஆளுக்கு 14 இலட்சம். மகளுக்கு ஒரு பங்கு, 7 இலட்சம்.

அந்தக் கடைசி எண்ணைச் சற்று நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். "அண்ணன் ஒத்துக்கணும் ஹஜ்ரத்" என்றார்.

"அண்ணன் ஒத்துக்கிட்டாலும் ஒத்துக்காட்டியும் அது தங்கச்சியோடதுதான் பாய். நீங்க உங்க கையெழுத்தைப் பாத்துக்குங்க."

பதில் சொல்லாமல் காகிதங்களைப் பைக்குள் வைத்துக்கொண்டு போய்விட்டார். அதற்கடுத்த இரண்டு ஜும்ஆக்களில் அவரைக் காணவில்லை. மூன்றாவது ஜும்ஆவில் அதே மஞ்சள் பையோடு வந்தார். உடன் அண்ணனும் வந்திருந்தார். வக்கீலிடம் கொடுக்கப் புதிதாக எழுதிய மனுவை நம்மிடம் நீட்டினார்கள். அதில் நான்கு பெயர்கள் இருந்தன. தங்கையின் ஆதார் நகல் வந்தவாசியிலிருந்து தபாலில் வர வேண்டியிருக்கிறதாம். அது வந்ததும் தாக்கல் செய்வதாகச் சொன்னார்கள்.